இடப்பக்கம் செருகிய வேட்டி

“அவர் சிங்கப்பூருக்குப் போனவர் காணாமல் போய்ப் பன்னிரண்டு வருஷமாகிறது. சித்திரையில் காரியம் செய்து தாலியைக் கழற்றிவிடச் சொல்கிறார்கள். அங்கே யாராவது அவரைப் பார்த்ததுண்டா?” நாகப்பட்டினத்திலிருந்து என் அண்ணி எழுதிய இந்தக் கடிதத்தில் மாசி 19, செவ்வாய் என்று தேதி இருக்கிறது.

அப்போது நான் சிராங்கூன் சாலையில் ஒரு மாடியறையில் தனியாக இருந்தேன். கடிதம் வந்த வாரம் கடற்கரைச் சாலைக் கூடாரத்தில் சலனப்படம் காட்டினார்கள். ஒரு வெள்ளைக்காரர் எங்கள் சாலை முனையில் பெட்டியை நிறுத்திக் கைப்பிடியைச் சுற்றி எடுத்த படம். கதை கிடையாது. ஆட்கள் நடந்தார்கள். ரிக்‌ஷாக்காரர் துப்பினார், ஒரு பெண் கூடையை மறு இடுப்புக்கு மாற்றினாள். தினமும் நான் உரசிக்கொண்டு போகிறவர்கள்தான். தெருவில் ஒருவர் முகத்தையும் நின்று பார்த்ததில்லை.

பிறகு ஒருவர் வந்தார். குடையைப் பிடரியில் குறுக்காக வைத்து, இரு கைகளையும் அதன்மேல் தொங்கவிட்டிருந்தார். அண்ணன் அப்படித்தான் நடப்பார். எழுந்துவிட்டேன்.

“உக்காருங்க ஐயா, உங்க முதுகப் பாக்கவா வந்தோம்?” என்றது ஒரு குரல்.

பக்கத்தில் ஜவுளிக்கடைக்காரர் இருந்தார். “பாய், அந்தக் குடைக்காரரத் தெரியுமா?” என்றேன்.

“தெரியாது தம்பி. ஆனா எங்க ஆளுதான். வேட்டிய எடப்பக்கமால்ல சொருகியிருக்காரு!”

உண்மைதான். முஸ்லிம்கள் இடப்பக்கம் செருகுவார்கள்; இந்துக்களான நாங்கள் வலப்பக்கம் செருகுவோம். மறுநாள் தபாலில், ‘தகவல் எதுவும் இல்லை’ என்று அண்ணிக்கு எழுதினேன்.

நான்கு நாள் கழித்து அதே முனையைக் கடக்கும்போது, பெட்டி நின்ற இடத்திலிருந்து சாலையைப் பார்த்தேன்; மாட்டுக்கொட்டகை எனக்கு இடப்பக்கம் இருந்தது. படத்தில் அது வலப்பக்கம். கூடாரத்துக்கு ஓடினேன். இயந்திரம் சுற்றுகிற தமிழர் சிரித்தார்.

“சுருளத் திருப்பி மாட்டிட்டோம்ங்க, அதான் எடம் வலமாத் தெரியுது. இத்தன நாளா பாக்குறாங்க, நீங்க ஒருத்தர்தான் கேட்டு வந்திருக்கீங்க.”

அன்று மாலை சரியாக மாட்டி ஓட்டினார். வேட்டி வலப்பக்கம் இருந்தது. முகம் மட்டும் அப்போதும் தெளியவில்லை.

கண்டதை அப்படியே எழுதி அடுத்த கப்பலில் அனுப்பினேன். பங்குனிக் கடைசியில் கடிதம் போய்ச் சேர்ந்தது. காரியத்தை நிறுத்திவிட்டதாக அண்ணி பதில் எழுதினார். அதன்பின் மாதக்கணக்கில், வேலை முடிந்ததும் அந்த முனையில் நின்று வருகிறவர்கள் முகத்தைப் பார்த்தேன். யாரும் என்னை ஏனென்று கேட்கவில்லை.

படத்தில் நடந்தவர் என் அண்ணன்தானா என்பது இதை எழுதும் இன்றுவரை உறுதியாகவில்லை.