கூழும் கதிரையும்

மாமா வீட்டில் ஞாயிற்றுக்கிழமைகளில் கூழ் காய்ச்சினால் சொந்தக்காரர் எல்லாரும் பலாமரத்தடியில் கூடுவார்கள். எல்லாருக்கும் நிலத்தில் பாய், எனக்கு மட்டும் சாய்ந்திருக்கக் கதிரை. நான் கேம்பிரிட்ஜ் சீனியர் பாஸ் பண்ணியவன். கொழும்பிலிருந்து வரும் இங்கிலீஷ் பத்திரிகையை வாசித்துத் தமிழில் சொல்வது என் வேலை. நான் வாய் திறந்தால் மாமாவே சுருட்டை வாயிலிருந்து எடுத்துவிடுவார். அந்த ஒரு மணி நேரத்துக்காகவே கிழமை முழுவதும் காத்திருப்பேன்.

போன ஆவணியில் பெரியம்மாவின் மகன் மலாயாவிலிருந்து லீவில் வந்தான். அங்கே றெயில்வேயில் கிளாக்கர். என்னைவிட மூத்தவன், ஆனால் படிப்பில் எனக்கு இரண்டு வகுப்புக் கீழே நின்றுபோனவன். வெள்ளைக் காற்சட்டையோடு அவன் படலையைத் திறந்ததுமே மாமா எழுந்துவிட்டார்.

"எழும்பு மோனை, கொண்ணைக்குக் கதிரையை விடு. காற்சட்டையோடை எப்பிடி நிலத்திலை இருக்கிறது?"

எழும்பினேன். முகம் எரிந்தது.

"எனக்கேன் மாமா கதிரை? மூண்டு வருசமாக் கதிரையிலைதானே இருக்கிறன். தம்பி இருந்து வாசிக்கட்டும்."

சொல்லிவிட்டு அவன் காற்சட்டையை முழங்கால்வரை சுருட்டிக்கொண்டு கூழ்ப்பானைக்குப் பக்கத்தில் சப்பாணி கட்டி இருந்தான். படிப்பு என்றால் உப்பிடி அடக்கத்தைத் தரவேணும் என்று மாமி என்னைப் பார்த்துத்தான் சொன்னா.

கதிரை எனக்கே திரும்பி வந்தது. வாசித்தேன். கீழே கூழில் கிடந்த நண்டுக்கால் கடிபடும் சத்தம். கோலாலம்பூர் மழை, சீனன் கடைச் சாப்பாடு என்று அவன் கதைக்கக் கதைக்க ஒரே சிரிப்பு. சட்டசபைச் செய்தி ஒன்றை வேண்டுமென்றே இரண்டு தரம் வாசித்துப் பார்த்தேன். ஒருவரும் நிமிரவில்லை.

அவன்தான் எழுந்து வந்தான். பனையோலைப் பிளாவில் எனக்குக் கூழ் கொண்டுவந்து நீட்டி, மற்றவர்களுக்குக் கேளாமல் சொன்னான்: "உந்தத் துண்டை முந்தியும் வாசிச்சனி, தம்பி."

அத்தனை பேரிலும் காது கொடுத்தவன் அவன் ஒருவன்தான். அதைத்தான் இன்றைக்கும் என்னால் பொறுக்க முடியவில்லை.

கூழ் நிறைந்த பிளாவைக் கீழே வைக்க ஏலாது, சரிந்துவிடும். இரண்டு கையாலும் வாங்கினேன். மடியிலிருந்த பத்திரிகை வழுக்கி விழுந்தது. அவன் குனிந்து எடுத்து, மண்ணைத் தட்டினான்.

"அப்ப மிச்சத்தை நீ வாசியன்" என்றார் மாமா அவனைப் பார்த்து, சுருட்டை வாயிலிருந்து எடுத்தபடி.

எல்லாரும் கதையை நிறுத்தினார்கள்.