டொக்டருக்கு ஓர் இரவல் குரல்

நான் ஒரு டெனிஷ் துணை நடிகை. லண்டனில், குட்மேய்ஸ் தமிழ்க் கடையில் முருங்கைக்காய் பொறுக்கிக்கொண்டு நிற்கும்போது இதைச் சொன்னால் யாரும் நம்பமாட்டார்கள். "படத்திலயோ? ஹீரோ ஆர்?" என்று கேட்பார்கள். ஹீரோவின் பெயரைச் சொன்னாலும் அவர்களுக்குத் தெரியாது. நான் செய்த வேடத்தைச் சொன்னால் எனக்குத்தான் வெட்கம். அதனால் இப்போதெல்லாம் பள்ளிக்கூடத்தில் பகுதிநேர வேலை என்று சொல்லிவிடுகிறேன். அதுவும் உண்மைதான்.

ஒன்பது வயதில் பெற்றோருடன் அகதியாக டென்மார்க்குக்குப் போனேன். பன்னிரண்டு வயதில் எங்கள் பள்ளிக்கு ஓர் இயக்குநர் வந்து, படகிலிருந்து இறங்கும் அகதிச் சிறுமி ஒருத்தி வேண்டும் என்றார். நான் விமானத்தில் வந்து இறங்கியவள். அதை அவர் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. அன்று தொடங்கியது என் கலைப்பயணம். அகதிச் சிறுமி, பிறகு அகதியின் மனைவி, கடைக்காரி, ஆஸ்பத்திரியில் தரை துடைப்பவள், மகனைப் பொலிஸ் கொண்டுபோகும்போது வாசலில் நின்று அழுகிறவள். கடைசியில் பெயர்ப்பட்டியல் ஓடும்போது எனக்கு நேரே 'பெண்' என்றோ 'தாய்' என்றோ 'இரண்டாவது துப்புரவுப் பெண்' என்றோ இருக்கும். அந்த இரண்டாவது துப்புரவுப் பெண்ணுக்கும் நான் உயிரைக் கொடுத்துத்தான் நடித்தேன். முதலாமவளைக் கண்ணில் காட்டக்கூடாது என்பதுபோல முதுகைத் திருப்பிக்கொண்டு துடைத்தேன். ஒருவரும் கவனிக்கவில்லை.

பிள்ளைகள் ஆங்கிலத்தில் படிக்கட்டும் என்று, அங்கிருந்த பல தமிழ்க் குடும்பங்களைப்போல நாங்களும் லண்டனுக்கு மாறினோம். பிள்ளைகள் படித்து முடித்து வேறு ஊர்களுக்குப் போய்விட்டார்கள். என் கணவர் பஸ் ஓட்டுகிறார். எனக்கு இங்கே ஓர் ஏஜென்ட் இருக்கிறாள். வருடத்தில் இரண்டு மூன்று தடவை என் ஞாபகம் அவளுக்கு வரும்.

சென்ற பங்குனியில் அப்படி ஒரு தடவை வந்தது. லண்டனில் எடுக்கும் ஒரு டெனிஷ் மொழித் தொடரில், பிணங்களைப் பரிசோதிக்கும் ஒரு டெனிஷ் டொக்டர் வேடம். ஏழு காட்சிகள். தாள்களை வாங்கி ஒரே மூச்சில் வாசித்தேன். டொக்டருக்குப் பெயர் இருந்தது. அவள் ஓர் இடத்திலும் அழவில்லை, யாருக்கும் தேநீர் கொண்டுவந்து வைக்கவுமில்லை. என் வயதில் இப்படி ஒன்று இன்னொரு தரம் வராது. எனக்கு அந்த வேடம் வேண்டும். பசிபோல வேண்டியிருந்தது.

இப்போதெல்லாம் நடிகர் தேர்வுக்கு நேரே போகத் தேவையில்லை. வீட்டிலேயே போனில் பதிவு செய்து அனுப்பிவிட வேண்டும். சாமிப்படத்தைக் கழற்றிவைத்துவிட்டுச் சுவரில் சாம்பல் நிறப் படுக்கை விரிப்பைக் கட்டினேன். இஸ்திரி மேசைமேல் புத்தகங்களை அடுக்கிப் போனை நிறுத்தினேன். எதிரே நிற்கும் பொலிஸ் அதிகாரியின் வசனத்தை வாசிக்க ஓர் ஆள் வேண்டும். காலை ஷிப்ட் முடித்து வந்த கணவரைச் சட்டைகூட மாற்ற விடாமல் பிடித்து நிறுத்தினேன்.

அவருடைய டெனிஷ் பற்றிச் சொல்ல வேண்டும். அந்த மொழியில் எழுதியிருப்பதில் பாதியை விழுங்கிவிட வேண்டும். என் கணவர் ஒரு பருக்கையையும் வீணாக்காதவர், எல்லா எழுத்தையும் உச்சரிப்பார். இருபத்துநாலு வயதில் அங்கே போய், பதினொரு வருடம் மீன் தொழிற்சாலையில் நின்றபடியே கற்றுக்கொண்ட மொழி. அந்த மொழியில் அவர் கொலை விசாரணை செய்ய, நான் சிரிப்பை அடக்கிக்கொண்டு டொக்டரானேன். நன்றாகவே வந்தது. அனுப்பிவிட்டேன்.

பிறகு இரண்டு நாள் எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. குட்டி போட்ட பூனைபோல மாடிக்கும் கீழுக்கும் நடந்தேன். தோய்த்த திரைச்சீலைகளைத் திரும்பவும் தோய்த்தேன். போனைக் குளியலறைக்கும் கொண்டுபோனேன். ஒரு பின்னேரம் காரணமே இல்லாமல் பஸ் ஏறி றொம்ஃபோர்ட் வரைக்கும் போய், இறங்கி, எதிர்ப்பக்கம் நின்ற பஸ்ஸில் திரும்பி வந்தேன்.

மூன்றாம் நாள் பகல் ஏஜென்ட் அழைத்தாள். தொடர் எடுப்பவர்களுக்கு என்னை மிகவும் பிடித்திருக்கிறதாம். ஒரேயொரு விஷயம்தான். என் டெனிஷ் அளவுக்கு மீறி நன்றாக இருக்கிறதாம். டொக்டர் அகதியாக வந்தவள், அது பார்ப்பவர்களுக்குக் காதில் விழவேண்டும். கொஞ்சம் கரடுமுரடாகப் பேசி மாலை ஐந்து மணிக்குள் இன்னொரு தரம் அனுப்பச் சொன்னாள்.

"அவள் சின்ன வயதில் வந்து அங்கேயே படித்தவள், என்னைப்போல," என்றேன். அவளுக்கு அது விளங்குகிறது என்றாள். ஆனால் ஐந்து மணி, என்றாள்.

எனக்கு வந்த கோபத்தில் போனைச் சுவரில் அடித்திருப்பேன். பள்ளிக்கூடக் கழிவறையில் கதவைப் பூட்டிக்கொண்டு ஒவ்வொரு சொல்லாக விழுங்கப் பழகியவள் நான். ஒருவரும் சிரிக்கக்கூடாது என்று பழகினேன். இப்போது அதைக் கக்கு என்கிறார்கள். சரி, நடிகைதானே, கக்குவோம் என்று போனின் முன்னால் நின்றேன். கோமாளித்தனமாக வந்தது. திரும்பவும் நின்றேன். இன்னும் மோசம். விரிப்பைக் குறை சொன்னேன், வெளிச்சத்தைக் குறை சொன்னேன். ஆடத் தெரியாதவளுக்குக் கூடம் கோணல். அந்தக் கரடுமுரடு என் நாக்கில் இல்லவே இல்லை. எனக்கு நன்றாகத் தெரிந்த கரடுமுரடு ஒன்றுதான் இருந்தது. மூன்று மணிக்கு அது பஸ் கொம்பனிச் சட்டையோடு கதவைத் திறந்துகொண்டு உள்ளே வந்தது.

"இஞ்சாருங்கோ, இண்டைக்கு நீங்கள் டொக்டரை வாசியுங்கோ. நான் பொலிசை வாசிக்கிறன்," என்றேன். ஏன் என்று சொல்லவில்லை.

"நானோ டொக்டர்?" அவருக்கு ஒரே சந்தோஷம். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, நிமிர்ந்து நின்று வாசித்தார். எங்கே மூச்செடுக்கிறார், எந்த எழுத்தில் நாக்கு தடக்குப்படுகிறது என்று திருடிபோல அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தேன். பிறகு தாள்களை மாற்றிக்கொண்டு, பதிவை ஓடவிட்டு, நான் டொக்டரானேன்.

இரண்டாவது வசனத்திலேயே அவர் கையிலிருந்த தாளைக் கீழே இறக்கிவிட்டார்.

கலியாணமான புதிதில் ஒரேயொரு தடவை எனக்குச் சொல்லியிருந்தார். தொழிற்சாலையில் சாப்பாட்டு நேரத்தில் மேற்பார்வையாளர், இவர் சொன்னதை இவரைப்போலவே திருப்பிச் சொல்லிக் காட்டுவாராம். மேசை முழுவதும் சிரிக்குமாம். அடுத்த நாளும் அங்கே வேலை செய்யவேண்டும் என்பதால் இவரும் சேர்ந்து சிரிப்பாராம். கொஞ்ச நாளில் உடுப்பு மாற்றும் அறையில் தனியே இருந்து சாப்பிடத் தொடங்கினாராம். இது எனக்கு மறந்துபோய்ச் செய்தேன் என்று எழுத ஆசைதான். வாயைத் திறக்கும்போதே ஞாபகம் இருந்தது.

பதிவை நிறுத்தினேன். "இதை அழிக்கிறன்," என்றேன். அவர்கள் கேட்டதைச் சொன்னேன். சொல்லும்போதே அழுகை வந்துவிட்டது. "எனக்கு இந்த வேடம் வேணும். என்னட்டை வேற வழி இல்லை," என்று அவரைப் பார்த்துக் கத்தினேன், ஏதோ அவர் செய்த குற்றம்போல.

அவர் தாளைத் திரும்பவும் நிமிர்த்திப் பிடித்தார்.

"அழியாதையும்," என்றார். "ஆனா, பிழையாச் செய்யிறீர்."

"என்ன பிழை?"

"நான் அவ்வளவு கெதியாச் சொல்லுறேல்லை. பெரிய சொல்லு வரேக்கை முதல்ல மனதுக்குள்ள ஒருக்காச் சொல்லிப் பாக்கிறனான். சிரிப்பாங்களோ எண்டு யோசிக்கிறனான். பிறகுதான் வாய் திறக்கிறது. அந்த இடத்தில கொஞ்சம் நிண்டு சொல்லும்."

அப்படியே நின்று சொன்னேன். அவர் பொலிஸ் வசனத்தை ஒரு தடவையும் தவறாமல் வாசித்தார். ஐந்துக்குப் பத்து நிமிடம் இருக்கும்போது அனுப்பினோம். அதற்குப் பிறகு அவர் சாமிப்படத்தை மாட்டிவிட்டுக் குளிக்கப் போய்விட்டார். அந்த வாரம் முழுவதும் நாங்கள் கறிக்கு உப்புக் காணுமோ, ஷிப்ட் எத்தனை மணிக்கு என்பதைத் தவிர எதுவும் பேசவில்லை. நான் நின்றால் நடக்கவேண்டும்போலவும், நடந்தால் இருக்கவேண்டும்போலவும் இருந்தது. வேடம் கிடைக்கக்கூடாது என்றுகூட ஓர் இரண்டு நாள் நினைத்தேன். பொய் சொல்லக்கூடாது, ஒரு நாள்தான் நினைத்தேன்.

ஞாயிற்றுக்கிழமை சமைத்துக்கொண்டிருக்கும்போது ஏஜென்டின் செய்தி வந்தது. 'அவ்வளவு உண்மையாக இருந்தது' என்று அவர்கள் எழுதியதையும் அப்படியே அனுப்பியிருந்தாள். அவர் சிங்குக்கு முன்னால் நின்று மீன் வெட்டிக்கொண்டிருந்தார். அந்த வரியை வாசித்துக் காட்ட எனக்கு வாய் வரவில்லை.

"கிடைச்சிட்டுது," என்று மட்டும் சொன்னேன்.

அவர் குழாயை மூடிவிட்டுத் திரும்பினார். நல்ல சிரித்த முகம்.

"ஆருக்கு?" என்றார். "உமக்கோ, எனக்கோ?"