சவுக்காரம் போட்ட வேலி

மலையில் மரக்கறித் தோட்டம் போடுவதில் பாதி வேலை மண்ணைக் கொத்துவது. மீதி, பக்கத்துத் தோட்டத்தைப் பார்த்து வயிறெரிவது. என்னைப் போலக் காட்டுப்பன்றிக்கென்றே உருளைக்கிழங்கு நட்டவர்களுக்கு இது சொல்லாமலே விளங்கும். அக்கரப்பத்தனைத் தேயிலைத் தோட்டத்தில், எங்கள் லயத்து வீட்டு வரிசைக்குப் பின்னால் காட்டோரமாக எனக்கொரு துண்டு நிலம், புஷ்பத்துக்கொரு துண்டு. இருவரும் ஒரே மலையில் கொழுந்து பறிக்கிறவர்கள்தான். பன்றி மட்டும் என் பக்கமே வரும். எங்கள் வேலையை மேற்பார்த்து, இந்த நிலத்தையும் பிரித்துக் கொடுத்த கண்டாக்கையா கடைசியாகச் சொல்லிவிட்டார்: "இந்தப் போகமும் வெளையலைன்னா, ஒன் துண்டையும் புஷ்பத்துக்கே குடுத்திருவேன்."

தலைமுடி

சலூனில் வெட்டிய முடியை வரப்போரம் தூவினால், மோந்து பார்க்கும் பன்றிக்கு மூக்கில் ஏறி, திரும்பி ஓடுமாம். புஷ்பம் தூவியிருந்தாள். விடுவேனா? ஞாயிற்றுக்கிழமை பையோடு டவுனுக்குப் போனேன். சலூன்காரர் பெருக்கித் துடைத்த தரையைக் காட்டினார்.

"புஷ்பக்கா விடியவே வந்து அள்ளிட்டாங்க. ஒங்களுக்கு வேணும்னா ரெண்டு பேரக் கூட்டிட்டு வாங்க, வெட்டித் தாரேன்."

மிளகாய்ப் புகை

அவளிடம் இல்லாத ஒன்றைச் செய்ய வேண்டும் என்று, காய்ந்த சாணத்தில் செத்தல் மிளகாயை வைத்துப் பொழுது சாயும்போது மூட்டினேன். காற்று காட்டுப் பக்கம் போகாமல் லயத்துப் பக்கம் திரும்பியது. வரிசையிலிருந்த எல்லாக் காம்பரா வீட்டிலிருந்தும் ஆட்கள் இருமிக்கொண்டு வெளியே வந்தார்கள். என் வீட்டுக்காரர் கண்ணைத் துடைத்துக்கொண்டே கேட்டார்.

"பன்னி ஓடுச்சோ இல்லையோ, நாங்க ஓடி வந்துட்டோம். போதுமா?"

சேலை

புஷ்பம் பழைய சேலைகளையும், கொழுந்து பறிக்கும்போது இடுப்பில் கட்டுகிற படங்குகளையும் சுற்றிவரக் கட்டி வேலி போட்டாள். ஒரே அழுக்கு. என் வேலியாவது பார்க்க லட்சணமாக இருக்கட்டும் என்று, என் சேலை படங்கு எல்லாவற்றையும் சவுக்காரம் போட்டு அடித்துத் துவைத்து, நீலம் போட்டுக் கட்டினேன். ரோட்டில் போனவர்கள் நின்று பார்த்தார்கள். எனக்குப் பெருமை தாங்கவில்லை.

மறுநாள் காலையில் பாதிப் பாத்தி உழுது கிடந்தது. என் போதாத காலம், கண்டாக்கையாவும் வந்து நின்றார். புஷ்பம் என் சேலையை மோந்து பார்த்தாள். "என்னக்கா, தொவைச்சிட்டீங்களா? மனுச வேர்வை வாடைக்குத்தானே பன்னி பயப்படும்!"

துண்டை நீயே எடுத்துக்கொள்கிறாயா என்பதுபோலக் கண்டாக்கையா புஷ்பத்தைப் பார்த்தார். அவள் தலையை ஆட்டினால் நிலம் அவளுக்கு. ஆனால் அவள் தன் இடுப்பிலிருந்த படங்கை அவிழ்த்து என் வேலியில் கட்டினாள்.

"தொவைக்கக் கூடாதுன்னு நான்தான் சொல்லலீங்கையா, எம்மேலதான் தப்பு. மிச்சக் கெழங்க அக்காவே வெட்டட்டும்."

பன்றியை விரட்ட எத்தனையோ வழி இருக்கிறது. யாரைப் பார்த்து வயிறெரிகிறோமோ, அவளே நல்லவளாகவும் இருந்துவிட்டால், அதைத் தாங்கத்தான் ஒரு வழியும் இல்லை.