எங்கள் பாழ்கிணற்றின் வழக்கு

இதை வாசிக்கின்றவரே, உங்களைச் சாட்சியாக அழைக்கிறேன். நீங்கள் எங்கள் ஊரவர் அல்லர். எங்கள் கிணறுகளில் உங்களுக்குப் பங்கில்லை. எங்கள் வேலிகளோடு உங்களுக்கு வழக்கில்லை. ஆகவே உங்கள் சாட்சியத்தில் பக்கச்சார்பு இராது. நடந்ததை நடந்தபடி உங்கள் முன் வைக்கிறேன். அன்று மாலை எங்கள் சனசமூக நிலையத்தில் எழுந்த தீர்ப்பு நியாயமானதா என்பதைக் கேட்ட பின் நீங்களே சொல்லுங்கள்.

நான் ஒரு விவாதி; பரீட்சை எழுதிவிட்டு, நாங்கள் கம்பஸ் என்று சொல்லும் பல்கலைக்கழகத்துக்கு இடம் கிடைக்கக் காத்திருப்பவன். கல்லூரி விவாத அணிக்குத் தலைமை தாங்கி, நெல்லியடி முதல் தெல்லிப்பழை வரை மேடை ஏறியவன். வீட்டு அலுமாரியில் நிற்கும் கேடயங்களைப் பற்றி எனக்குப் பொய்யான அடக்கம் எதுவும் கிடையாது. உழைத்து வென்றவை அவை. ஆயினும் நடுவர் இல்லாத, நேரம் முடிந்ததென மணியடிக்க எவரும் இல்லாத அந்த ஒரு வாதத்தையே என் வெற்றிகளுள் முதலாவதாக வைக்கிறேன்.

எங்களுடையது வலிகாமத்துச் செம்மண் ஊர். வெங்காயமும் புகையிலையும் பீற்றூட்டும் விளைவித்துச் சுன்னாகம் சந்தைக்கு ஏற்றுகிறோம். செம்மண் கண்ணுக்கு ஆழமாகத் தெரியும். தோண்டினால் விரைவிலேயே மண்வெட்டி சுண்ணாம்புக் கல்லில் முட்டும். எங்களுக்கு ஆறில்லை, குளத்து நீரும் போதாது. அந்தக் கல்லின் வெடிப்புகளுக்குள் மாரி மழை விட்டுச் செல்லும் தண்ணீரையே ஆண்டு முழுவதும் குடிக்கிறோம், அதையே இறைத்துப் பயிரிடுகிறோம்.

மாரி தொடங்குமுன் டெங்கு நுளம்பு ஒழிப்புக்காக ஊரவர் எல்லோரும் கூடிச் சிரமதானம் வைத்தோம். சிரட்டை, ரயர், உடைந்த சட்டி என்று தொடங்கிய துப்புரவு, தோட்டக் கொட்டில்களுக்குள் புகுந்தபோதுதான் வேறொன்று வெளியே வந்தது. துருப்பிடித்த தகரப் பேணிகள், மூடி இறுகிய கபிலநிறப் போத்தல்கள், எழுத்தைக் கறையான் தின்றுவிட்ட தூள் பைகள். எல்லாம் பயிர்ப்பூச்சிக்கு அடிக்கும் பழைய கிருமிநாசினிகள். பல, விற்கவும் பாவிக்கவும் தடை செய்யப்பட்டு நெடுங்காலமானவை.

இவை ஏன் எங்களிடம் இருந்தன என்பதை வெளியூரவர் எளிதில் விளங்கிக்கொள்ள மாட்டார்கள். போர்க்காலத்தில் தெற்கிலிருந்து வரும் பாதை மூடி, உரமும் மருந்தும் வராதிருந்த நாட்களில் ஒரு பேணி கிருமிநாசினி நகையைப்போல ஒளித்து வைக்கப்பட்டது. இடம்பெயரும்போது அதைக் கிடங்கு வெட்டிப் புதைத்துவிட்டு ஓடியவர்கள் உண்டு. திரும்பி வந்து, கூரையில்லாத தம் வீட்டைப் பார்க்குமுன் அந்தக் கிடங்கைத் தோண்டிப் பார்த்தவர்களும் உண்டு. பாதை திறந்தது, புதியவை வந்தன, பழையவை தடையாயின. ஆனால் மறுபடியும் ஒன்றுமில்லாமல் போனால் என்ன செய்வது என்ற பயம் மட்டும் எங்களை விட்டு நீங்கவில்லை. விதைவெங்காயத்தைப் பிடிபிடியாகக் கட்டித் தூக்கும்போது அந்தப் பழைய தூளில் ஒரு சிறங்கை தூவிவிடும் வழக்கமும் சில வீடுகளில் இன்றுவரை இருந்தது.

எல்லாவற்றையும் சனசமூக நிலையத்தின் பின்புறம் குவித்தோம். குவியலைச் சுற்றி ஊரே கூடியது. கமக்காரர் சங்கத் தலைவர், என் தந்தையின் தமையனார், என் பெரியப்பா, அவர்தான் முதலில் வாய் திறந்தார்.

"நாளைக்குக் காலமை லான்மாஸ்டர் உழவு மிசினிலை ஏத்துவம். பாழ்கிணத்துக்கை கொட்டிப்போட்டுக் கல்லையும் மண்ணையும் நிரவி மூடுவம். மேலை வாழை வைப்பம். முன்பள்ளிப் பிள்ளையள் திரியிற இடம், உது இதிலை கிடக்கக்கூடாது."

பாழ்கிணறு என்று அவர் சொன்னது, தோட்டங்களுக்கு நடுவே யாரும் அள்ளாமல் கிடந்த ஒரு பழைய கிணற்றை. அங்கிருந்து கூப்பிடு தூரத்தில் கோயில் வீதியில் இருப்பது நல்லதண்ணீர்க் கிணறு. ஊரில் பாதி வீடுகளின் குடிநீர் அது. தலைப்பிள்ளைப் பேற்றுக்காக எங்கள் வீட்டுக்கு வந்திருந்த என் அக்கா குடித்ததும் அந்தத் தண்ணீரைத்தான்.

பெரியப்பாவின் எண்ணம் தீயதன்று. அவர் பிள்ளைகளைக் காக்கவே நினைத்தார். ஆனால் அவர் காக்க நினைத்த பிள்ளைகளுக்கே அந்த நஞ்சைப் பருகக் கொடுக்கப் போகிறார் என்பது எனக்குத் தெரிந்தது. எங்கள் அணி ஒருமுறை இந்தத் தலைப்பில் வாதிட்டிருந்தது. அந்தப் பழைய இரசாயனங்களின் கொடுமை அவற்றின் ஆயுளில் இருக்கிறது. இலையும் சாணமும் மக்கும். இவை மக்காமல் ஒரு தலைமுறையைக் கடந்தும் மண்ணில் கிடக்கும். பசுவின் பாலிலும் மீனின் கொழுப்பிலும் ஒதுங்கும். தாயின் உடலில் சேர்ந்திருந்து முலைப்பாலோடு பிள்ளைக்கு இறங்கும். உடனே கொல்வதாயிருந்தால் மனிதர் அஞ்சியிருப்பர். இவை மெல்ல மெல்ல வேலை செய்வதால் எவரும் அஞ்சுவதில்லை.

அன்று மாலை முடிவை உறுதி செய்யச் சங்கம் கூடியது. நீள வாங்குகளில் ஆட்கள் நிறைந்திருந்தனர். நான் எழுந்து நின்றேன்.

"மதிப்புக்குரிய தலைவர் அவர்களே, பெருமதிப்புக்குரிய அவையோரே."

"தம்பி, தலைவர் எண்டு சொன்னால் இருக்கிற கதிரை ஆடும். பெரியப்பா எண்டே சொல்லு" என்றார் அவர்.

சபை சிரித்தது. நான் தளரவில்லை. நீடித்து நிலைக்கும் கரிம மாசுகள் பற்றியும், உலக நாடுகள் அவற்றை ஏன் ஒவ்வொன்றாய்த் தடை செய்தன என்பது பற்றியும், குரலை ஏற்ற வேண்டிய இடத்தில் ஏற்றி, இறக்க வேண்டிய இடத்தில் இறக்கிப் பேசினேன். மேடையில் அந்தப் பேச்சுக்குக் கைதட்டல் எழுந்திருக்கும். இங்கே ஒருவர் கொட்டாவி விட்டார்.

"வடிவாய்க் கதைக்கிறாய் மோனை" என்றார் பெரியப்பாவின் மைத்துனர். பெரியம்மாவின் தம்பி, எனக்கு மாமா. அவருடைய தோட்டமும் பெரியப்பாவின் தோட்டமும் பாழ்கிணற்றின் இரு புறமும் ஒட்டிக் கிடந்தன. "ஆனால் ஒரு கேள்வி. உது அழியாது, கரையாது எண்டுதானே சொல்லுறாய்?"

"இலகுவிலை கரையாது மாமா."

"அப்ப கிணத்துக்கை போட்டால் போட்ட இடத்திலையே கிடக்கும். பிறகேன் உனக்கு நோகுது?"

சிரிப்பு வாங்கு வாங்காகப் பரவியது. கூர்மையான கேள்வி என்பதை நான் இங்கே மறைக்கப் போவதில்லை. போட்டிகளில் இதைவிட மெலிந்த கேள்விகளைச் சந்தித்திருக்கிறேன்.

"தூள் மெல்ல மெல்லத்தான் கரையும், மாமா. ஆனால் அது களிமண்ணோடை ஒட்டிக்கொண்டு தண்ணியோடை அசையும். போத்தல் மருந்து தண்ணியிலை கலக்கிறதுக்கெண்டே செய்தது. நீங்கள்தானே வாளியிலை ஊத்திக் கலக்கிறனீங்கள். மாரியிலை கிணறு பொங்கி வரேக்கை அது அடியிலை சும்மா கிடக்குமோ?"

"பொங்கினாலும் பாழ்கிணத்துக்கைதானே பொங்கும்" என்றார் பெரியப்பா. "அந்தக் கிணத்துத் தண்ணி நல்லதண்ணிக் கிணத்துக்குப் போகுதெண்டு நீ போய்க் கண்டனியோ? கல்லுக்கடியிலை ஆர் போய்ப் பார்த்தது?"

வழக்கின் இதயம் அதுதான். சபை முழுவதும் என் பக்கம் திரும்பியது. கல்லுக்கடியில் நான் போய்ப் பார்த்ததில்லை. எந்த நூலைக் காட்டினாலும் அது எங்கள் கிணற்றைப் பற்றிப் பேசாது.  ஆனால் என் எதிரில் இருப்பவரைத் தவிர வேறு சாட்சி தேவையில்லை என்று கண்டுகொண்டேன்.

நான் பிறந்த நாள் தொட்டு எங்கள் குடும்பத்தில் ஓயாத ஒரு சண்டை உண்டு. மாமா தோட்டத்தில் இறைப்பு மிசினைப் பூட்டி நீர் இறைத்தால் தன் கிணறு வற்றுகிறது என்பது பெரியப்பாவின் குற்றச்சாட்டு. உன் கிணறு வேறு, என் கிணறு வேறு என்பது மாமாவின் மறுப்பு. கலியாண வீட்டிலும் செத்தவீட்டிலும், தேத்தண்ணி வருமுன் அந்தக் கதை வந்துவிடும்.

"பெரியப்பா, உங்களிட்டை ஒண்டு கேக்கட்டே?"

"கேள்."

"மாமா மிசின் பூட்டினால் உங்கடை கிணறு என்ன செய்யும்?"

"என்ன செய்யுமோ? இறங்கும். விடிய முழங்கால் மட்டத்துக்குக் கிடந்த தண்ணி, இவன் ரெண்டு வாய்க்கால் பாய்ச்சி முடிக்க முன்னம் கரண்டைக்காலுக்கு வந்திடும். எத்தினை தரம் இந்தச் சங்கத்திலையே..."

அவர் நிறுத்திக்கொண்டார். அவர் முகத்தில் உணர்ந்துகொண்டதன் நிழல் விழுந்ததை முன்வாங்கில் இருந்த அனைவரும் கண்டனர்.

நான் அவரை நெருக்கவில்லை. மாமாவின் பக்கம் திரும்பினேன். "மாமா, பெரியப்பா சொல்லுறது உண்மையோ?"

இவ்வளவு காலமும் மறுத்து வந்தவர் அவர். இப்போது மறுத்தால் வழமைபோல வென்றுவிடலாம். ஆனால் பாழ்கிணற்றுக்கு மிக அருகில் இருப்பது அவருடைய கிணறு. அந்தத் தண்ணீரைத்தான் அவருடைய பேரப்பிள்ளைகள் குளிக்க அள்ளுகிறார்கள். அவர் தலையைச் சொறிந்தார், கூரையைப் பார்த்தார், தன் மைத்துனரைப் பார்த்தார்.

"ஓம்" என்றார். "இறங்கும்தான்."

சனசமூக நிலையம் சிரிப்பில் குலுங்கியது. பெரியப்பா கதிரையிலிருந்து பாதி எழுந்துவிட்டார். "கேட்டியளே? எல்லாரும் கேட்டியளே? இண்டைக்காவது ஒத்துக்கொண்டான்."

"ஒத்துக்கொண்டது உங்களுக்காக இல்லை அத்தான். உந்த நஞ்சு என்ரை கிணத்துக்கை வரக்கூடாது."

சிரிப்பு அடங்கக் காத்திருந்தேன். எங்கே பேச வேண்டும் என்பதைவிட எங்கே பேசாதிருக்க வேண்டும் என்பதைப் பயில்வதே கடினம். அன்று அந்தப் பயிற்சி எனக்குக் கைகொடுத்தது. பிறகு சபையைப் பார்த்துக் கேட்டேன்.

"கோயில் கொடியேறினால் வீதியைச் சுத்தியிருக்கிற தோட்டங்களிலை பகலிலை மிசின் பூட்டக்கூடாது எண்டு ஆர் சட்டம் போட்டது?"

"நாங்கள்தான்" என்றது பின்வாங்கிலிருந்து ஒரு குரல்.

"ஏன்?"

 அது சட்டமாக இருந்தது. காரணத்தை எவரும் கேட்டதில்லை. திருவிழா நாட்களில் தண்ணீர்ப்பந்தலுக்கும் அன்னதானத்துக்கும் நல்லதண்ணீர்க் கிணற்றில் ஓயாமல் அள்ளுவார்கள். தோட்டங்களில் மிசின் ஓடினால் அள்ளுகிற வாளி அடிக்கல்லில் முட்டும். அதனால் திருவிழா முடியும்வரை தோட்டக்காரர்கள் விடியலிலும் பொழுதுபட்ட பின்னுமே இறைக்கிறார்கள். ஆண்டுதோறும் கைக்கொள்ளும் கட்டுப்பாடு. முன்பள்ளி ஆசிரியைதான் அதை வாய்விட்டுச் சொன்னார்:

"எல்லாக் கிணறும் ஒரே தண்ணி. அதாலைதானே நீங்கள் மிசினை மறிக்கிறனீங்கள்."

"அவ்வளவுதான் ரீச்சர்" என்றேன். "தோட்டத்திலை இழுத்தால் கோயில் கிணறு இறங்குது எண்டால், தோட்டத்திலை ஊத்தினது கோயில் கிணத்துக்கு வராமல் எங்கை போகும்? கல்லுக்கடியிலை நான் போய்ப் பார்க்கேல்லை பெரியப்பா. நீங்கள் எல்லாரும் ஒவ்வொரு வரியமும் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறியள்."

அவ்வளவோடு என் இடத்தில் அமர்ந்தேன். மேலும் பேச அவசியம் இருக்கவில்லை.

பெரியப்பா சற்று நேரம் கதிரையின் கைப்பிடியைத் தடவிக்கொண்டிருந்தார். பிறகு எழுந்தார். அது தோற்றவரின் எழுகை அல்ல. தலைவர் ஒருவரின் எழுகை. "லான்மாஸ்டர் வரத் தேவையில்லை. பாழ்கிணத்துக்கை ஒரு போத்தலும் போகாது. ஏற்றுக்கொள்ளுறவை கையைத் தூக்குங்கோ" என்றார். மாமாவின் கைதான் முதலில் உயர்ந்தது. பின்னர் வாங்குகளின் மேல் கைகள் காடாக எழுந்தன. என் வாழ்நாளில் எந்தக் கேடயமும் அந்தக் கைகளைப் போல என் நெஞ்சை நிமிர்த்தியதில்லை.

எரித்துவிடலாமே என்று ஒருவர் கேட்டார். நான் வாய் திறக்குமுன் பெரியப்பாவே முந்திக்கொண்டார். "புகை எங்கை போகும்? உன்ரை வெங்காயத்திலைதான் வந்து படியும். இரு பேசாமல்." என் வாதத்தை என் எதிர்த்தரப்பே எடுத்துக்கொண்டு நடந்தது. ஒரு விவாதிக்கு அதைவிடப் பெரிய பரிசு இல்லை.

மறுநாள் விவசாயப் போதனாசிரியரை அழைத்து வந்தோம். அவர் சொன்னபடி, கையுறையும் முகக்கவசமும் அணிந்து, கசிந்த போத்தல்களையும் தூள் பைகளையும் மூடியிறுகும் பிளாஸ்ரிக் பீப்பாக்களில் அடைத்தோம். வீடுகளில் விதைவெங்காயத்துக்கென ஒதுக்கி வைத்திருந்த மிச்சத்தையும் பெண்கள் தாமாகவே கொண்டுவந்து தந்தார்கள். மாமாவும் பெரியப்பாவும் ஒரு பீப்பாவின் இரு பக்கமும் பிடித்து, ஒருவர் நடையை மற்றவர் குறை சொல்லியபடி, சங்கத்தின் உரக் களஞ்சியத்துக்குக் கொண்டுபோனார்கள். உயர்ந்த அத்திவாரம், சீமெந்து நிலம், ஒழுகாத ஓட்டுக்கூரை. அங்கே தண்ணீரும் புகாது, பிள்ளைகளும் புகமாட்டார்கள்.

ஆனால் உண்மையை உங்களுக்கு மறைக்க மாட்டேன். நாங்கள் நஞ்சை அழிக்கவில்லை; ஓர் அறையில் பூட்டினோம். அதை முறையாக அழிக்கும் இடம் எங்கள் ஊரில் இல்லை. அதை ஏற்றிச்செல்ல வேண்டிய விவசாயத் திணைக்களத்தார் வரும்வரை அது அங்கேயே இருக்கும். அது நெடுங்காலம் பொறுத்திருக்கக்கூடியது, நாங்கள்தான் மறந்துபோகக்கூடியவர்கள்.

களஞ்சியத்தைப் பூட்டியதும் பெரியப்பா திறப்பை என் உள்ளங்கையில் வைத்தார்.

"வெண்டிட்டாய். சரி. கம்பசுக்கு எடுபட்டு நீ போயிட்டாய் எண்டால், உதை ஆர் பாக்கிறது?"

முற்றத்தில் நின்ற அனைவரும் என் பதிலுக்குக் காத்திருந்தார்கள். அக்காவும் வேலியோரம் வயிற்றில் கைவைத்தபடி வந்து நின்றார். மேடைக் குரல் எனக்கு அப்போது தேவைப்படவில்லை. எல்லோருக்கும் கேட்கும்படி, எங்கள் ஊர்ப் பேச்சிலேயே சொன்னேன்:

"இது ஊரை விட்டுப் போறமட்டும் திறப்பு என்ரை கையிலை இருக்கும். கிழமைக்கு ஒருக்கால் விவசாயக் கந்தோருக்குப் போய், எப்ப எடுப்பியள் எண்டு கேப்பன். கந்தோர்க்காரர் அலுத்துப்போய் லொறி அனுப்புமட்டும் கேப்பன். கம்பஸ் கிடைச்சாலும், கடைசிப் பீப்பா லொறியிலை ஏறினதைக் கண்ணாலை பார்க்காமல் நான் இந்த ஊரை விட்டுப் போகமாட்டன்."