தணிகாசலம் சார் மாற்றித் தந்த மெடிக்கல் கார்டு

கடையைத் திறந்து கல்லாவைத் துடைத்துக்கொண்டிருந்தபோது, வழக்கமாக மருந்து வாங்க வரும் கமலா அம்மா போன் செய்தார். “பாய், நம்ம தணிகாசலம் சார் போயிட்டாரு. தூக்கத்துலயே…” நான் ஷட்டரைப் பாதி இறக்கினேன்.

மேற்குத் தாம்பரத்தில் என் மெடிக்கல் ஷாப்புக்கு வருகிற உங்களுக்கு அவரை அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. பொதுத்துறை நிறுவனம் ஒன்றில் மருத்துவ பில்களைச் சரிபார்க்கும் வேலையிலிருந்து ஓய்வு பெற்றவர். பில் தொகையை வெட்டிவிடுவாராம்; அதனால் சர்வீஸில் ‘வெட்டு தணிகாசலம்’ என்று பெயராம். ஓய்வுக்குப் பிறகு, மற்றவர்களின் பில் வெட்டுப்படாமல் போய்ச் சேர வழி சொல்வதே அவர் வேலையாயிற்று.

ஒருநாள் ஒரு ரிட்டயர்ட் சார் கம்பெனியில் பணம் வாங்கிக்கொள்ள, முகப்பவுடரையும் பில்லில் மருந்தாக எழுதச் சொன்னார். நானும் எழுதப் போனேன். மறுத்தால் ஆள் அடுத்த கடைக்குப் போய்விடுவாரே. பின்னால் நின்ற தணிகாசலம் சார், “ஏன் சார், பவுடரை சாப்பாட்டுக்கு முன்னாடி சாப்பிடணுமா, பின்னாடியா?” என்றார். கடையே சிரித்தது. பிறகு என்னிடம் தனியாக, “ஒரு பொய் பில் மாட்டிச்சுன்னா உங்க கடையோட நிஜ பில்லையும் நம்ப மாட்டாங்க பாய். நஷ்டம் யாருக்கு?” என்றார். நஷ்டம் என்றதும் எனக்குப் புரிந்துவிட்டது. மாலைதோறும் கடையில் வந்து உட்காருங்கள் என்று நான் அழைத்தது பாசத்தால் அல்ல. அவர் இருந்தால் கூட்டம் வரும். பாசம் அப்புறம் வந்தது.

உங்களில் பலருக்குத் தெரியாத ஒன்றை, கமலா அம்மாவின் அனுமதியோடு எழுதுகிறேன். அதே நிறுவனத்தில் வேலை பார்த்த அவர் கணவர் பரமசிவம் சார் காலமான பிறகும், அந்த அம்மா தன் மருந்துக்கான பில்லை அவர் பெயரிலேயே கேட்பார். நானும் போட்டுக் கொடுத்துக்கொண்டிருந்தேன். அப்போதுதான் இதய வால்வை மாற்ற வேண்டும் என்று டாக்டர் சொன்னார். கணவர் இறந்தபின், கம்பெனி வைத்தியச் செலவைத் தருவதற்கான மெடிக்கல் கார்டை மனைவி தன் பெயருக்கு மாற்றியிருக்க வேண்டும். மாற்றாவிட்டால் கம்பெனி பணம் தராது. கைக்காசு போட்டுச் செய்துகொள்ளும் வசதி அவருக்கு இல்லை.

“ஏம்மா இன்னும் மாத்தல?” என்று தணிகாசலம் சார் கேட்டார்.

அந்த அம்மா, “மாத்தினா அவர் பேரை அடிச்சிடுவாங்களே சார்” என்றார்.

தணிகாசலம் சார் நிதானமாக, “யாரும்மா சொன்னது? நான் அந்த சீட்ல இருந்தவன். உங்க பேரைப் போட்டு, பக்கத்துலயே பரமசிவத்தோட மனைவின்னுதான் எழுதுவாங்க. அவரோட ஸ்டாஃப் நம்பர்தான் இனிமே உங்களுக்கும். அதை யாராலயும் மாத்த முடியாது” என்றார்.

கமலா அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு, “பேனா இருக்கா பாய்?” என்றார்.

மறுநாள் மின்சார ரயிலில் அவரை ஆபீசுக்கு அழைத்துப் போனதும் சார்தான். புதுக் கார்டு வந்தது. ஆபரேஷனும் நல்லபடியாக முடிந்தது.

அன்று மாலை கடையில் சார் சந்தோஷமாக இருப்பார் என்று நினைத்தேன். “கார்டு செல்லாதுன்னு எழுதி எத்தனையோ பேர் பில்லைத் திருப்பி அனுப்பியிருக்கேன் பாய். சட்டப்படி சரிதான். ஆனா ஏன் மாத்தலைன்னு ஒருத்தரையும் கேட்டதில்ல” என்று சொல்லிவிட்டு ரோட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்.

கடன் கேட்பவர்களிடம் ‘முடியாது’ என்று சொல்ல எனக்கு நன்றாக வரும். வியாபாரத்தில் முன்னுக்கு வந்ததே அதனால்தான். இப்போது அதைச் சொல்லுமுன் ‘ஏன்’ என்று ஒரு வார்த்தை கேட்கிறேன். அவரிடமிருந்து நான் எடுத்துக்கொண்டது அதுதான். கேட்டுவிட்டால், பெரும்பாலும் கல்லாவை விட்டு எழுந்து அவர்களுக்கு உதவ வர வேண்டியிருக்கிறது. வருகிறேன்.