தாமதங்களின் பட்டியல்

தீர்ப்பு வந்த பதினான்கு நாட்களுக்குள் மேன்முறையீடு செய்ய வேண்டும் என்பது சட்டம். அதன் பிறகு வழக்கேட்டைத் தட்டச்சு செய்து தாமதமின்றிக் கொழும்புக்கு அனுப்ப வேண்டும் என்பதும் சட்டம்தான். கைதிக்கு நாள் எண்ணிக் கொடுத்த சட்டம், நீதிமன்றக் கந்தோருக்கு 'தாமதமின்றி' என்ற ஒரு சொல்லோடு நிறுத்திக்கொண்டது. அந்தச் சொல்லின் நிழலில் முப்பது வருடம் நீதிமன்றப் பதிவாளராக இருந்துவிட்டு இப்போது ஓய்வூதியம் பெறுகிறேன்.

என் தம்பி பதின்மூன்றாம் நாளே மனுக் கொடுத்தான். இறக்காமத்து வயலில் தண்ணீர் திருப்பிய சண்டையில் பக்கத்து வயல்காரரை மண்வெட்டியால் வெட்டினான் என்று தீர்ப்பு. வெட்டியது தானல்ல என்கிறான்.

அப்போது அவனுடைய மகளுக்கு மாப்பிள்ளை பேசி முடித்திருந்தது. நிக்காஹில் மாப்பிள்ளையின் கையைப் பிடித்து மகளை ஒப்புக்கொடுக்கும் பொறுப்பாளரான வலீ, பெண்ணின் வாப்பாதான். அவர் அதிகாரம் எழுதிக் கொடுத்தால் வேறொருவரும் கைகொடுக்கலாம். ஆனால் நான் நடைமுறை தெரிந்தவனல்லவா?

"ஆறு மாசத்தில வழக்கேடு போயிரும். மறுகா பிணை கேக்கலாம். வாப்பா வந்தே கைகொடுக்கட்டும், தள்ளி வைங்க" என்றேன். வீடே நம்பியது.

இரண்டு வருடங்களில் கந்தோருக்கு மூன்று கடிதங்கள் எழுதினேன். அவற்றின் ஓரத்தில் 'கோவையில் இடவும்' என்று எழுதி, கோப்புக்குள் போட்டு மூடியிருப்பார்கள். எத்தனை கடிதங்களில் அதை நானே எழுதியிருக்கிறேன்!

பிறகு பத்திரிகையில் நல்ல செய்தி வந்தது. குற்றவியல் மேன்முறையீடுகள் தேங்கிக் கிடப்பதை மேலிடத்து நீதிமன்றங்கள் கண்டித்து, பழையவற்றுக்கு முன்னுரிமை கொடுக்கச் சொல்லியிருந்தன. பத்திரிகையை மடித்துக்கொண்டு என் பழைய கந்தோருக்குப் போனேன். முன்பு எனக்குக் கீழே வேலை செய்த எழுதுநர் எழுந்து நின்றார்.

"சேர், உங்கட தம்பிட கேஸ் பாதி டைப் பண்ணிக் கிடக்கு. இப்ப நிப்பாட்டிட்டம்."

"ஏன்?"

"தாமதமான கேஸுக்கெல்லாம் லிஸ்ட் கேட்டிரிக்காங்க. எல்லாரும் லிஸ்டுதான் அடிக்கிற."

"தாமதத்துக்குக் காரணம் எண்டு ஒரு நிரல் இரிக்குமே?"

"ஓம் சேர். 'தட்டச்சுக்கு ஆளில்லை' எண்டு போட்டிரிக்கம்."

படிவத்தில் குறை சொல்ல முடியவில்லை. அதை வரைந்தவன் நான்.

"தம்பிட கேஸ மட்டும் முடிச்சுத் தரேலாதா?"

"உங்கட காலத்தில ஆரும் இப்பிடி வந்து கேட்டா என்ன சொல்லுவீங்க, சேர்?"

வெளியே இருக்கச் சொல்வேன். வெளியே போய் இருந்தேன். இருந்த இடத்திலேயே நிக்காஹ் விபரத்தையும் சேர்த்து, தம்பிக்குப் பிணை கேட்டு நாலாவது கடிதத்தை எழுதி, மேலிடத்துக்குப் பதிவுத் தபாலில் போட்டேன்.

அந்தப் போகம் நெல் வெட்டி முடிந்ததும் மாப்பிள்ளையின் உம்மா வந்து, அண்ணன் முறை வைத்து என்னிடம் பேசினார். "காக்கா, இனியும் தள்ளினா எங்கட புள்ளைக்கு வேற இடம்தான் பாக்க வேண்டி வரும்."

அவர் போன பிறகு தம்பி மகள் கேட்டாள். "பெரியவாப்பா, நாங்க வாப்பாவையா பாத்திட்டிரிக்கம், கடிதத்தையா?"

மறுநாள் சிறைக்குப் போனேன். தம்பி தாளும் பேனையும் கேட்டு வாங்கினான். பிறகு, "நீங்களே கைகொடுங்க காக்கா. உங்களுக்குத்தானே எல்லா நடைமுறையும் தெரியும்" என்று எழுதிக் கொடுத்தான். சிறை அலுவலர் கையெழுத்திட்டு முத்திரை குத்த இருபது நிமிடம் பிடித்தது. அந்த மனிதருக்கு முறையான பயிற்சி கிடைக்கவில்லை போலும்.

வியாழக்கிழமை அஸர் தொழுகைக்குப் பின் நிக்காஹ். தம்பி இருக்க வேண்டிய இடத்தில் இருந்து, மாப்பிள்ளையின் கையை நான் பிடித்தேன். மணப்பெண் உள்ளறையை விட்டு வெளியே வரவேயில்லை.

நாலாவது கடிதத்துக்குப் பதில் வந்தது. மகளின் திருமணத்தைக் கருத்திற்கொண்டு, தம்பியின் பிணை விண்ணப்பம் அவசரமாக விசாரிக்கப்படுமாம். தபால்காரர் அதைக் கொண்டுவந்தது, நிக்காஹ் முடிந்து நாலு நாள் கழித்து, திங்கட்கிழமை.