சாக்குப் பால் பந்து

ருவான்வெல்லைக்கு மேலேயிருந்த ரப்பர் தோட்டத்தில் அம்மா பால் வெட்டினார். இடுப்பில் கட்டிப்போகும் சாக்கில் பால் சிந்திக் காய்ந்திருக்கும். மத்தியானம் அவர் லயத்து வீட்டுக்கு வந்து வாசற்படியில் உட்கார்ந்ததும், அக்காவும் நானும் ஆளுக்கொரு பக்கமாக அதை நகத்தால் நெம்பி உரிப்போம். நாடாவாக நீண்டு வரும். புளித்த வாசம். அம்மாவின் முழங்கையில் காய்ந்ததை இழுத்தால் பூனைமயிரும் சேர்ந்து வரும். "மெதுவாடி" என்று அக்காவின் தலையில் தட்டுவார். உரித்ததையெல்லாம் சுற்றிச் சுற்றி ஒரு பந்து செய்தோம். ஓங்கி அடித்தால் கூரையைத் தாண்டும்.

இது தொண்ணூற்றைந்தில். அப்பா தொண்ணூற்று நான்கு என்கிறார். தொண்ணூற்று நான்கின் கடைசியில் பிறந்த தம்பி அப்போது தவழ்ந்துகொண்டிருந்தான், ஆகவே அவர் கணக்கு பொருந்தாது.

மரத்தின் வெட்டுவாயில் காய்ந்திருக்கும் பாலை ஒட்டுப்பால் என்போம். அது தோட்டத்துச் சொத்து. சிங்களத்திலும் அதே சொல்தான், சற்றுத் திரிந்திருக்கும். ஒரு நாள் தோட்டத்துக் காவல்காரர் வேறெங்கும் பார்க்காமல் நேராக எங்கள் வாசலுக்கு வந்தார். யாரோ சொல்லியிருக்க வேண்டும். பந்தை எடுத்து அமுக்கினார்.

"மேக்க ஒட்டபாலு நே?"

யாருக்கும் மொழிபெயர்ப்புத் தேவைப்படவில்லை. திருட்டென்று துரையிடம் சொன்னால் அம்மாவுக்கு வேலை போய்விடும்.

"நெஹே மாத்தயா. என் சாக்குல காஞ்சது. புள்ளைங்க உரிச்சதுங்க."

"சாக்குல இவ்ளோ பாலா? ஒங்க சாக்கு என்ன, மரமா?" காவல்காரர் தமிழுக்கு மாறினார்.

பக்கத்துக் காம்பரா வீட்டில் யாரோ சிரித்தார்கள். அம்மா அந்தப் பக்கம் ஒருமுறை திரும்பிப் பார்த்தார். பிறகு உள்ளே போய்க் கத்தியோடு வந்தார்.

"வெட்டிப் பாருங்க. மரத்துப் பால்னா பட்ட இருக்கும். சாக்குப் பால்னா நாரு இருக்கும்."

"வேணாம்மா" என்றாள் அக்கா.

"நீ சும்மா இரு."

காவல்காரர் பந்தை இரண்டாக அறுத்தார். உள்ளே வெங்காயம்போல அடுக்கடுக்காக இருந்தது. அடுக்குக்கு அடுக்கு சணல் நார். ஒரு நாரை உருவி, விரலில் தேய்த்து, முகர்ந்தும் பார்த்தார்.

"ஹரி, சரிதான்" என்றவர், இரண்டு பாதிகளையும் அக்காவிடம் நீட்டினார். "வெளாடுங்க."

பாதிப் பந்து துள்ளவில்லை. கோணலாக ஓடிச் சாக்கடையில் விழுந்தது. அம்மா அதைப் பார்க்கவில்லை. பக்கத்துக் காம்பராவின் கதவையே பார்த்துக்கொண்டிருந்தார்.

மறுநாள் முதல் அம்மா சாக்கிலும் கையிலும் காய்ந்ததை மலையில் வேலையிடத்திலேயே உரித்து, எல்லாவற்றையும் தோட்டத்து ஒட்டுப்பால் வாளியில் போட்டுவிட்டுத்தான் வீட்டுக்கு வந்தார்.